எண் இல்லாத நாள்

...சரி, முகத்தை எல்லாம் அப்படித் தூக்கி வெச்சுக்காதீங்க. நூலக விஷயத்துக்குத்தான் வர்றேன். நடுவுல சின்னதா ஒரு கதை இருக்கு. அதைக் கேட்டுட்டு அப்புறம் என்னைத் திட்டலாம்.

மாயா ஜனங்கன்னு ஒரு கூட்டம். கடலுக்கு அந்தப் பக்கம், மெக்சிகோ பக்கத்துல, ஆயிரம் வருஷத்துக்கு முன்னாடியே நாள் எண்ணுறதுல புலிங்க. அவங்களுக்கு மாசத்துக்கு இருபது நாள், வருஷத்துக்குப் பதினெட்டு மாசம். பெருக்கிப் பாருங்க... முந்நூத்தி அறுபது. மிச்சம் அஞ்சு நாள் இருக்குல்ல? அந்த அஞ்சு நாளைக் கண்டா அவங்களுக்கு நடுக்கம். வேலை கிடையாது. குளிக்க மாட்டாங்க, தலை சீவ மாட்டாங்க. ஊரே பரட்டைத் தலையோட வீட்டுக்குள்ள உட்கார்ந்திருக்கும். நம்ம வீட்டுப் பிள்ளைங்க ஞாயித்துக்கிழமை இருக்குற மாதிரி.

இன்னொரு பழக்கமும் உண்டு. புது மாசத்தோட முதல் நாளை அவங்க ஒண்ணுன்னு எண்ண மாட்டாங்க. அந்த நாளுக்கு எண்ணே இல்லை. 'மாசம் வந்து உட்கார்ற நாள்', அவ்வளவுதான். அதுக்கு மறுநாள்தான் ஒண்ணு. இதை மட்டும் மனசுல வெச்சுக்கோங்க... இனிமே வர்றது என் கற்பனை.

அந்த நாட்டுல ஒரு ஊர். ஆறு கிடையாது. மழைத் தண்ணியைப் பூமிக்குள்ள தொட்டி வெட்டி, உள்ள சுண்ணாம்பு பூசிச் சேர்த்து வெச்சுத்தான் குடிக்கணும். ஒரு தெருவுல நாப்பது வீட்டுக்கும் ஒரே தொட்டி. அதைப் பாத்துக்குற முறை அந்த மாசம் இஷ்நிக்னு ஒரு அம்மாவோடது. அவங்க பயந்த அந்த அஞ்சு நாளும் அந்த வருஷம் நல்ல கோடையில வந்து விழுந்துச்சு. அஞ்சாம் நாள் காலையில இஷ்நிக் தொட்டிக்குள்ள கயிறு விட்டுப் பாக்குறா... முந்தின நாள் நாலு முழம் நனைஞ்ச கயிறு, மூணு முழம்தான் நனையுது. சாயங்காலம் விட்டா ரெண்டரை.

தொட்டி எங்கயோ விரிசல் விட்டிருக்கு. மழைக்கு இன்னும் ரெண்டு மாசம் இருக்கு. தண்ணி போச்சுன்னா நாப்பது குடும்பமும் பிள்ளை குட்டியோட ஊரைக் காலி பண்ணணும்.

ஓடுனா. எங்க? நாள் பாத்துச் சொல்ற யாஷ்சான் வீட்டுக்கு.

"ஐயா, தொட்டி கசியுது. நாளைக்குக் காலையில இறைச்சுட்டுப் பூசணும்."

அவர் என்ன சொன்னார்? "நாளைக்கா? நாளன்னைக்குத்தாம்மா ஒண்ணாம் நாள். நம்ம ஊர்ல ஒண்ணு பிறக்காம எவனும் வேலையில கை வெச்சதில்லை."

"நாளைக்கு என்ன நாள் ஐயா?"

"நாளைக்கு... புது மாசம் வந்து உட்கார்ற நாள்."

"வந்து உட்கார்ந்துட்டா, வந்தாச்சுன்னுதானே ஐயா?"

அப்புறம் மெதுவா சொல்றார், "ஏதாவது கெட்டது நடந்தா பழி என் தலையிலதாம்மா விழும்."

அவருக்கு உண்மையிலேயே பயம். கெட்டவர் இல்லை அவர்... நம்மள மாதிரி.

இஷ்நிக் சொன்னா, "வீட்டுக்கு வந்து உட்கார்ந்தவங்களுக்குத் தண்ணி குடுக்கணும் ஐயா. நாளைக்குச் சும்மா இருந்துட்டு, நாளன்னைக்குக் காஞ்ச பானையோட நின்னா, எந்த மூஞ்சிய வெச்சுக்கிட்டு அந்த மாசத்தை வாங்கன்னு சொல்றது?"

விடிஞ்சுது. எண் இல்லாத நாள். தெருவே கதவிடுக்குல எட்டிப் பாக்குது. யாஷ்சான் வீட்டுக் கதவு திறந்துச்சு. பரட்டைத் தலையோட அவரே வர்றார். கையில என்ன? ஒரு சுண்ணாம்புச் சட்டி. அங்க சோளத்தைச் சுண்ணாம்புல ஊற வெச்சுத்தான் சமைப்பாங்க, அதனால வீட்டுக்கு வீடு அடுப்பங்கரையில சுண்ணாம்பு இருக்கும். அவர் அந்தச் சட்டியைத் தொட்டி ஓரத்துல வெச்சுட்டு, இறைக்கிற கயித்தைப் பிடிச்சார்.

அப்புறம் எவன் வீட்டுக்குள்ள உட்கார்ந்திருப்பான்? நாப்பது வீட்டுச் சுண்ணாம்பும் வந்துச்சு. இருக்குற பானை, குடம், அண்டா அத்தனையிலயும் தண்ணியை இறைச்சு வெச்சாங்க. இஷ்நிக் உள்ள இறங்கி விரிசலைப் பூசினா. சமைக்கச் சுண்ணாம்பு இல்லாம நாலு நாள் பூசணிக்காயைச் சுட்டுத் தின்னாங்க. பாதித் தண்ணி போனது போனதுதான், நான் பொய் சொல்லலை. ஆனா மீதியை அளந்து அளந்து குடிச்சு, மழை வர்ற வரைக்கும் ஒரு குடும்பமும் ஊரை விட்டுப் போகலை.

ஒண்ணாம் நாள் காலையில ஊரே உட்கார்ந்து தலை சீவுச்சு. இஷ்நிக் தலையில மட்டும் சீப்பு இறங்கலை. முடியெல்லாம் காஞ்ச சுண்ணாம்பு.

இப்ப சொல்லுங்க. வெள்ளத்துல நம்ம நூலகம் போய் எத்தனை மாசம் ஆச்சு? பதினொண்ணு. தப்பிச்ச புத்தகமெல்லாம் எங்க இருக்கு? உங்க வீட்டுப் பரண்ல, சாக்குக்குள்ள. கேட்டா என்ன சொல்றோம்? உத்தரவு வரட்டும், கட்டடம் வரட்டும்... நாம எல்லாரும் ஒண்ணாம் நாளுக்குக் காத்திருக்கோம். அது வரும், நான் நம்புறேன். மனு போட்டுக்கிட்டேதான் இருப்பேன். ஆனா அதுவரைக்கும் கசியுறது யாரு? நம்ம பிள்ளைங்க. போன வருஷம் ஒரு நாளைக்கு அறுபது பிள்ளைங்க வந்து படிச்ச இடம் அது. இன்னைக்கு அந்த அறுபதும் எங்க உட்கார்ந்திருக்கு?

என் வீட்டு முன் அறையை நேத்தே காலி பண்ணிட்டேன். நாளைக்கு ஏழு மணிக்குக் கதவு திறந்திருக்கும், பாய் விரிச்சிருக்கும். நாளைக்கு நல்ல நாளான்னு நான் பாக்கலை. ஆளுக்கு ஒரு புத்தகச் சாக்கு கொண்டு வாங்க.

தலை சீவாமக் கூட வரலாம்.