அரை நிமிஷம் பிந்தி வரும் பேஸ்போல்

ரயிலில் யார் சத்தமாகப் பேசினாலும் எனக்கு எரிச்சல்தான் வரும். அன்று காலை ஜெர்மனியில் ஹம்மிலிருந்து வுப்பர்டால் போகையில், முன் இருக்கையில் இரண்டு தமிழர் இருந்தார்கள். ஒருவருக்கு அறுபது வயதிருக்கும். மற்றவர் அவரோடு வேலைக்குப் போகிற இளையவர்.

"என்ரை மகள் என்னைவிட அரை நிமிஷம் முந்திச் சந்தோஷப்படுறாள்," என்றார் பெரியவர்.

நான் புத்தகத்தை மூடிவிட்டேன்.

"என்னண்ணை சொல்லுறியள்?"

"பேஸ்போல். அவள் கனடாவிலை, ரொறன்ரோவிலை. குசினியிலை சமைச்சுக்கொண்டு ரேடியோவிலை கேக்கிறாள். அது உடனே வரும். நான் இஞ்சை இன்டர்நெட்டிலை கேக்கிறன், எனக்குப் பிந்தித்தான் வருது. ஞாயிறு பின்னேரம் ரெண்டுபேரும் ஃபோனிலை இருந்துகொண்டே கேப்பம்."

"உங்களுக்கு விளங்குமோ?"

"பந்து வெளியாலை பறக்க, கிரிக்கெட் நினைப்பிலை ஆறு ஓட்டமெண்டு கத்தினன். ஒண்டுதானாம். விழுந்து விழுந்து சிரிச்சாள். அவளின்ரை கலியாணத்துக்கு நான் போகேல்லைத் தம்பி. அதுக்குப் பிறகு நான் ஃபோன் எடுத்தால், 'சாப்பிட்டன்' எண்டு சொல்லிப்போட்டு வைச்சிடுவாள். இப்ப மூண்டு மணித்தியாலம் லைனிலை நிக்கிறாள்."

"நடந்ததை முதலே சொல்லிப்போடமாட்டாவோ?"

"இல்லை. எனக்கு வருமட்டும் மூச்சைப் பிடிச்சுக்கொண்டு இருப்பாள். அது எனக்குக் கேக்கும்."

"பிந்தாமல் வாற ஆப் ஒண்டு இருக்கண்ணை. ஃபோனைத் தாங்கோ, போட்டுவிடுறன்."

பெரியவர் ஃபோனை ஜாக்கெட்டுக்குள் வைத்து, ஜிப்பைக் கழுத்துவரை இழுத்துவிட்டார்.

"வேண்டாம். அது பிந்தியே வரட்டும்."