நேசம்மாளின் கண்டல் கோபுரம்

இந்த அவையைத் தலைமையேற்று நடத்தும் குளத்தூர்ப் பெரியவர் ஆறுமுகசாமி அண்ணாச்சி அவர்களே, வெயில் சாயும்வரை பொறுமையோடு வீற்றிருக்கும் ஆன்றோர்களே, உப்பு அரித்த பாதங்களோடு வந்து மணலில் அமர்ந்திருக்கும் என் தாய்மார்களே, தீப்பெட்டி ஆபீசுக்கு ஒருநாள் லீவு சொல்லிவிட்டுக் கோவில்பட்டியிலிருந்து பஸ் ஏறி வந்த தங்கைமார்களே! இடைசெவல் கரிசலில் பிறந்தவன், உப்பு லாரி ஓட்டுகிற மாயகிருஷ்ணன், உயிரோடு நின்று உங்களை வணங்குகிறேன். உயிரோடு என்று ஏன் சொல்கிறேன்? அதைச் சொல்லத்தான் மேடை ஏறினேன்.

கல்லெடுத்துக் கட்டிய கோயில் கோபுரம் கண்டிருக்கிறோம். செங்கல் அடுக்கிய தேவாலயக் கோபுரம் கண்டிருக்கிறோம். தழைக்கும் கோபுரம் கண்டதுண்டா? பூக்கும் கோபுரம் கண்டதுண்டா? அடியிலே அலை மோத, முடியிலே கொக்கு உறங்க, ஆண்டுக்கு ஆண்டு தானே உயரும் கோபுரத்தை எவரேனும் கண்டதுண்டா? கிழக்கே திரும்பிப் பாருங்கள். உப்பளத்துக்கு அப்பால், ஓடைச் சேற்றில் பச்சைப்பசேலென்று நிற்கிறதே, அதுதான்.

அதை எழுப்பியவர் உப்பு வாரும் தொழிலாளி நேசம்மாள். பல வருஷங்களுக்கு முன் ஒரு புயலில் கடல் ஊருக்குள் வந்தது. உப்பளம் என்பது உள்ளங்கை போன்ற வெளி. ஏற மேடில்லை, பிடிக்க மரமில்லை. அவர் கணவர் சாமுவேல்ராஜைக் கடல் கொண்டுபோயிற்று. அழுது ஓய்ந்த பிறகு, அண்டை வீட்டு வேலுத்தாயிடம் நேசம்மாள் சொன்னாராம்:

"ஏட்டி, இங்கன பிடிக்கதுக்கு ஒரு கொம்புகூட இல்ல பாத்தியா. ஒண்ணு வளக்கணும்."

"உப்புத்தண்ணியில என்னத்த வளப்ப?"

"கடல்ல வளருதது வளரும்."

இருவரும் ஓடைக்கரையில், உப்புச் சேற்றிலேயே வளரும் கண்டல் மரத்தின் காய்களைப் பொறுக்கி, சேற்றில் வட்டமாக ஊன்றினார்கள். கன்று வளர வளர ஒன்றோடொன்று வளைத்துப் பனைநாரால் கட்டினார்கள். கட்டிய இடத்தில் மரமும் மரமும் ஒட்டி ஒரே மரமாயின. தொங்கிய வேர்கள் இறங்கிச் சேற்றைக் கவ்வின. குறுக்கே போன கிளைகள் படிகளாயின. கரையிலிருந்து அடம்பங்கொடி ஏறி அத்தனையையும் வரிந்து கட்டியது. அடம்பங்கொடியும் திரண்டால் மிடுக்கு என்று நம்மவர்கள் சும்மாவா சொன்னார்கள்? காலம் போகப்போக, ஓர் ஊரே ஏறி நிற்கும் கோபுரமாயிற்று அது.

உப்பளக் குத்தகைதாரர் தங்கப்பாண்டியன் அண்ணாச்சி இதோ மேடையில் இருக்கிறார். "என் சங்கதியையும் மறைக்காமச் சொல்லும்" என்று அவரே உத்தரவு கொடுத்துவிட்டார். ஒருநாள் அவர் அரிவாளோடு ஆட்களைக் கூட்டிக்கொண்டு வந்து நின்றார்.

"நேசம்மா, பறவை எச்சம் விழுந்து உப்பு பாழாப் போகுது. வெட்டத்தான் வேணும்."

"வெட்டுங்க அண்ணாச்சி. கடல் வந்தா நாங்க எதப் பிடிக்கணும்னு மட்டும் சொல்லிட்டுப் போங்க."

அவர் கடலைப் பார்த்தார். உப்புப் பாத்திக்கு மேல் நீண்ட கிளைகளை மட்டும் கழிக்கச் சொல்லிவிட்டுத் திரும்பினார். அந்த மனசுக்கும் இந்த மேடையில் என் நன்றி.

சென்ற ஐப்பசியில் நான் உப்பு ஏற்ற வந்திருந்தேன். மத்தியான வேளை. காற்று திசைமாறிச் சுழன்றது. கரையை உடைத்துக்கொண்டு கடல் வந்தது. பிள்ளைகளை இடுப்பில் தூக்கிக்கொண்டு சனங்கள் கோபுரத்துக்கு ஓடினார்கள். நானோ லாரிமேல் ஏறி நின்றேன். குளிக்கவே தண்ணீர் தேடுகிற கரிசல்காட்டான் நீச்சலை எங்கே கற்பான்? சிரியுங்கள், இன்று சிரிக்கலாம். அன்று லாரி சாய்ந்தது. பின்வரிசை அண்ணாச்சி லாரி என்ன ஆச்சு என்று கேட்கிறார். லாரி கிடைத்தது, ஏற்றிய உப்பைக் கடலே திரும்ப எடுத்துக்கொண்டது.

என்னைத் தண்ணீர் உருட்டிக்கொண்டு போயிற்று. எல்லாரும் மேலே ஏறிக்கொண்டிருந்தார்கள். ஒருவர் மட்டும் கீழே இறங்கினார். ஒரு கையை வேரில் கோத்துக்கொண்டு, மறு கையால் என் மணிக்கட்டைப் பிடித்தார் நேசம்மாள். அதே சமயம் கடல் பக்கத்துக் கிளைகள் பிய்ந்து போயின. கோபுரம் ஆடியது. மேலிருந்து வேலுத்தாய் கதறினார்: "நேசம், அந்த ஆள விட்டுட்டு மேல வா. பெருந்தண்ணி வருது."

"நீ பிள்ளையளப் பாரு. நான் விட மாட்டேன்."

தண்ணீர் அவர் மோவாயைத் தொட்டது. விட்டாரா? அலை தலைக்கு மேல் போயிற்று. விட்டாரா? நான் அவருக்கு யார்? உறவா? ஊரா? என் பெயர்கூட அவருக்குத் தெரியாது.

பொழுது சாயத் தண்ணீர் வடிந்தது. அந்தக் குடியிருப்பில் ஓர் உயிர் குறையவில்லை. எல்லாரும் இறங்கினார்கள். என் மணிக்கட்டு மட்டும் இன்னும் அவர் பிடியில் இருந்தது.

"தாயி, தண்ணி வடிஞ்சிட்டு. கைய விடுங்க."

"கொஞ்சம் பொறுங்க அண்ணாச்சி. அந்தப் புயல்ல எங்க வீட்டுக்காரவிய கை இந்தக் கையிலருந்துதான் நழுவுச்சு. விரல் விரிய மாட்டேங்குது."

வேலுத்தாய் வந்து, நேசம்மாள் விரல்களை ஒவ்வொன்றாகத் தடவிப் பிரித்துவிட்டார். அதன் பிறகுதான் அந்த அம்மா அழுதார். நானும் அழுதேன்.

இந்த நன்றியை எந்தச் சொல்லில் வைப்பேன்? மாலை கொண்டுவந்தோம், வேண்டாம் என்றார். மேடைக்கு அழைத்தோம், "அங்கன எனக்கு என்ன வேல" என்று தாய்மார்களோடு உட்கார்ந்துவிட்டார். பிய்ந்துபோன பக்கத்தை மறுபடி வளர்க்க, ஓடையோரத்து இரண்டு பாத்திகளை விட்டுத் தருவதாகத் தங்கப்பாண்டியன் அண்ணாச்சி இன்று காலையில் வாக்குக் கொடுத்திருக்கிறார். அதைச் சொன்னபோதுதான் நேசம்மாள் ஒன்று கேட்டார்: "கன்னு ஊன ஆளு வருவாங்களா?"

வருவோமா? வருவோம் என்று நீங்கள் எழுப்பிய இந்த ஓசை அவருக்குக் கேட்டிருக்கும். வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு நான் முன்னே போகிறேன். சேறு முழங்கால்வரை இருக்கும், செருப்பை இங்கேயே விட்டுவிட்டு வாருங்கள். தலைவர் அவர்களுக்கு நன்றி, தாய்மார்களுக்கு நன்றி, நேசம்மாளுக்கு நானும் என் பிள்ளைகுட்டிகளும் உள்ளளவும் நன்றி. வணக்கம். வாருங்கள், வெளிச்சம் இருக்கும்போதே போவோம்.