உப்புப் பார்க்காத கறி

"சத்தியமா உப்புப் பாக்காமத்தான்க்கா மாட்டுக்கறி ஆக்கி வச்சேன்."

கொடைக்கானலிலிருந்து இறங்கும் வத்தலக்குண்டு பஸ்ஸில், எனக்கு முன் சீட்டிலிருந்து இது கேட்டது. சொன்னவள் மலைமேல் பூண்டி கிராமத்துக்காரி, வெள்ளைக்காரர் பங்களாவில் பாத்திரம் கழுவுகிறவள் என்பது போகப்போகத் தெரிந்தது. பக்கத்தில் இருந்தவள் வாயைப் பொத்திக்கொண்டாள். நான் ஜன்னலுக்கு வெளியே பார்ப்பதுபோல இருந்தேன்.

"நீயா? நாமதான் அதைத் தொடவே மாட்டோமே?"

"சமையக்காரருக்குக் காச்சல். விருந்தாளுக வேற வந்துட்டாக. துரைசாணி கொத்துக்கறியக் குடுத்து, வெங்காயம் போட்டு வதக்குன்னாக. உருகுன கொழுப்புலயே மைதாவக் கிளறிப் பால ஊத்துனா கொழம்பு கெட்டியாயிருது. லேசான வேலதான். உப்புதான் பயமாப் போச்சு."

"வாயில வச்சுப் பாத்தியா?"

"எப்படிக்கா வைப்பேன்? படையலுக்கு ஆக்கையில ருசி பாக்காமத்தான ஆக்குறோம்? அதே கையளவுதான் போட்டேன். தப்பாப் போனா இருக்குற சோலியும் போயிருமே. அவுக சாப்பிடுறதுக்கு முன்னால கண்ண மூடி ஜெபம் பண்ணாக. நானும் அடுப்படியில கண்ண மூடி முருகனக் கும்பிட்டேன்."

"அப்புறம்?"

"சட்டிய வழிச்சுத் தின்னுட்டாக. அப்பத்தான் எனக்கு மூச்சே வந்துச்சு."

"அடிப்பாவி! மாட்டுக்கறிக்கா முருகனக் கூப்பிட்ட?"

"கறிக்கு இல்லக்கா," என்றாள் அவள். "உப்புக்கு மட்டுந்தான்."