திருப்பிச் சொல்லாத எண்

கதை எழுதத் துணிந்ததைப் பெரியோர்கள் பொறுத்தருள வேண்டும். எழுதிப் பழகாத கை இது. சென்ற மழையில் நடுவழியில் நின்றுபோன பேருந்தில், விளக்குகளும் அணைந்த பிறகு, முன்னிருக்கைக்காரர் எங்கள் ஏழெட்டுப் பேருக்குச் சொன்னதைக் கூடியவரை அப்படியே தருகிறேன். அவருடைய நண்பரின் அத்தை மகனுக்கு நேர்ந்ததாம்.

மாலை ஆறே முக்கால் மணி. ஊருக்கு வெளியே, கிடங்குகள் மட்டுமே நிற்கும் சாலை. ஒரு நாய்கூட இல்லை... ஸ்கூட்டரில் இரண்டு பேர். ஓட்டியவர், இடிக்கப்போகும் கட்டடங்களை அளந்து வரைபடம் போடும் அளவையர். பின்னால் அவருடைய தங்கை கணவர், பெயிண்டர். எத்தனை முறை குளித்தாலும் டர்பன்டைன் வாடை போகாத மனிதர்.

முந்தைய நாள் அங்கிருந்த காலிக் கிடங்கு ஒன்றை அளவையர் தனியாக அளந்திருந்தார். வெளிச்சுவரின் நீளம் பதினெட்டு மீட்டர். உள்ளே, அதே சுவரையொட்டிய நடைவழியில், முப்பது மீட்டர் அளவு நாடா முழுவதும் தீர்ந்தும் எதிர்ச்சுவர் வரவில்லை. நீளம், அகலம், உயரம் தவிர இன்னொரு பக்கமும் அந்த இடத்துக்கு இருக்கிறது என்று அவருக்குப் புரிந்துவிட்டது. அலுவலகத்தில் சொல்லியிருக்கலாம். சொன்னால் பெயரெல்லாம் மேலதிகாரிக்குப் போய்விடும். ஆகவே மாப்பிள்ளையைக் கூட்டிவந்தார்.

அளவெடுப்பதில் அவர்களுக்கு ஒரு வழக்கம் உண்டு. நாடாச் சுருளோடு நடப்பவர் எண்ணைச் சொல்வார். நுனி வளையத்தைப் பிடித்து நிற்பவர் அதைத் திருப்பிச் சொல்வார். பிடி இருக்கிறது என்பதற்கு அதுதான் அடையாளம். மாப்பிள்ளை முன்பே இரண்டொரு முறை உதவிக்கு வந்து இதைக் கற்றுக்கொண்டு, வீட்டிலும் வேடிக்கையாக்கியிருந்தார். "காபி ரெண்டு" என்பார் கூடத்திலிருந்து. "ரெண்டு" என்பாள் தங்கை, அடுப்படியிலிருந்து.

சுருளோடு நடக்க வேண்டியவர் அளவையர்தான். கதவைத் திறந்ததும் நனைந்த சுண்ணாம்பு வாடை... உள்ளே கும்மிருட்டு.

"முழங்கால் வலிக்குது மாப்ளே," என்றார். முழங்காலில் ஒன்றுமில்லை.

"பொண்ணு குடுத்த வீட்டுக்கு இதுகூடச் செய்யலைன்னா எப்படி? குடுங்க மச்சான். எனக்கு ஒண்ணுன்னா உங்க தங்கச்சி உங்களைத்தான் உரிச்செடுப்பா." சிரித்துக்கொண்டே சுருளையும் டார்ச்சையும் வாங்கிக்கொண்டார்.

"பத்து." "பத்து."

"இருபது." "இருபது."

"முப்பது." நேற்று அத்தோடு தீர்ந்த நாடா, இன்று தீரவில்லை. அளவையரின் விரலிடையில் வளையம் சில்லிட்டது...

"முப்பத்தஞ்சு, மச்சான். எண்ணும் அச்சடிச்சே வருது! உங்க ஆபீஸ்ல நல்ல டேப்பாத்தான் வாங்குறாங்க."

டார்ச் வெளிச்சம் புள்ளியாகி மறைந்தது. குரல் மட்டும் தேயவில்லை. அறுபதிலும் பக்கத்தில் நின்று பேசுவதுபோலவே கேட்டது.

"அறுபத்தேழு."

"அறுபத்தேழு. போதும் மாப்ளே, வந்துடுங்க."

"இருங்க... இங்க ஒரு வாசல் தெரியுது. அட, யாரோ நிக்கிறாங்க. முதுகுதான் தெரியுது." செருப்புச் சத்தம் நின்றது. "மச்சான்... இது உங்க சட்டை."

அளவையரின் பிடரியில் மூச்சுக்காற்று பட்டது. டர்பன்டைன் வாடை.

திரும்பியிருந்தால் போதும், கையை நீட்டியிருந்தால் போதும் என்று அவர் இன்றுவரை நினைக்கிறார். திரும்பவில்லை. வளையத்தை விட்டுவிட்டார்.

சர்ர்ர்... என்று நாடா தரையை உரசிக்கொண்டு உள்ளே ஓடியது.

"அறுபத்தெட்டு." குரல் இப்போது வெகு தொலைவில். பிறகு, "மச்சான்... திருப்பிச் சொல்லுங்க."

சொல்லவில்லை. கதவைச் சாத்தினார்.

மறுநாள் காலை வேறொரு நாடாவால் அளந்தார். நடைவழி மிகச் சரியாகப் பதினெட்டு மீட்டர். அளவுப் புத்தகத்தில் அப்படியே எழுதிக் கையெழுத்திட்டார். மூன்றாம் வாரம் கிடங்கை இடித்துவிட்டார்கள். தங்கையிடம், "கப்பல்ல பெயிண்ட் அடிக்கிற வேலைம்மா, திடீர்னு கிடைச்சுது. நடுக்கடல்ல போன் எடுக்காது," என்றார். அவள் நம்பினாள். அண்ணன் சொன்னதாயிற்றே.

தனியாக இருக்க வேண்டாமென்று அவளைத் தம் வீட்டுக்கே அழைத்துவந்தார். அங்கேதான்... கூடத்துச் சுவருக்குள்ளிருந்து இரவுதோறும் அந்தக் குரல். "நாப்பது." மறுநாள், "முப்பத்தொம்பது." அவர் தலையணையால் காதைப் பொத்திக்கொள்வார். திருப்பிச் சொன்னால் பிடி கிடைத்துவிடும் என்பது தெரியும். யாருக்கு யார்மேல் பிடி என்பதுதான் தெரியாது.

ஒரு காலை, தங்கை முகம் மலர்ந்து சொன்னாள்: "அண்ணா, ராத்திரி அவர் குரல் மாதிரியே கேட்டுது. 'ஒண்ணு'ன்னார். தூக்கக் கலக்கத்துல நானும் 'ஒண்ணு'ன்னுட்டேன். கனவு போல."

அப்போதே உண்மையைச் சொல்ல வாய் திறந்தார். சாயங்காலம் சொல்லிக்கொள்ளலாம் என்று அலுவலகம் போனார்.

திரும்பியபோது வீடெங்கும் டர்பன்டைன் வாடை. அடுப்பு மேடையில் இரண்டு கோப்பை காபி, இன்னும் ஆறாமல். கூடத்துச் சுவரடியில் நாடாவின் நுனி நான்கு விரல் அளவு வெளியே நீட்டிக்கொண்டிருந்தது. வளையம், பிடிக்க ஆளின்றி... இன்றும் அங்கேயே இருக்கிறதாம். அவர் இன்னும் பிடிக்கவில்லை.

தொலைந்தவை: டார்ச் ஒன்று. தங்கை கணவர். தங்கை. அளவுப் புத்தகம் தொலையவில்லை. பதினெட்டு மீட்டர் என்று, கையெழுத்தோடு, பத்திரமாக இருக்கிறது.