நெருப்பறைக்குள் மூன்று தட்டு

இரவு மூன்று மணி. லோகோ ஷெட்டுக்குப் போகும் சாலை. இரண்டு பக்கமும் கரிக் குவியல், ஒரு நாய்கூடக் கிடையாது. ஒருவர் மட்டும் வேலைக்கு நடந்து போகிறார்... அதோ உட்கார்ந்திருக்கிறானே நம் ஃபிட்டர், அவனுடைய சித்தப்பா. சிரிக்கிறவர்கள் இப்போதே சிரித்துக்கொள்ளுங்கள்.

இன்றைக்கு அந்த இடத்தில் அடுக்குமாடி வீடுகள் வந்துவிட்டன. அன்று வட்டமாக நாற்பது நீராவி எஞ்சின்கள் நிற்கும். ஆறிக் கிடக்கும் எஞ்சினுக்கு விடியுமுன் நெருப்பு மூட்டுவது சித்தப்பாவின் வேலை. பழுது பார்ப்பவர்கள் கரி எரியும் அந்த நெருப்பறைக்குள்ளேயே தவழ்ந்து போவார்கள். அதனால் மூட்டுமுன் இரும்புக் கம்பியால் கதவில் மூன்று தட்டு தட்ட வேண்டும். பதில் வராவிட்டால்தான் தீக்குச்சி. தவழ்ந்து போகிறவர்களில் ஒருவர் அவருடைய அக்கா வீட்டுக்காரர். ஆகவே சித்தப்பா ஒருநாளும் தட்ட மறந்ததில்லை.

அன்று கடைசி எஞ்சின். தட்டினார். டங்... டங்... டங்...

உள்ளிருந்து, மெதுவாக, மூன்று தட்டு.

கதவைத் திறந்து விளக்கைக் காட்டினார். செங்கல் வளைவு, பழைய சாம்பல் வாடை. வளைவுக்குப் பின்னால் கண்ணுக்கு எட்டவில்லை. உள்ளே போய்ப் பார்த்துவிடலாம் என்று தலையை நுழைத்தபோது முதுகுக்குப் பின்னால் யாரோ படியேறும் சத்தம். திரும்பினால் மச்சான். சட்டையில் ஒரு பொட்டு கரி இல்லை.

“உள்ள யாரும் இல்ல தம்பி. நான் பாத்துட்டுதான் வரேன். மூட்டு.”

சித்தப்பாவுக்கு அப்பாடா என்றிருந்தது. யாருக்காகப் பயந்தாரோ அவரே எதிரில் நிற்கிறார், அப்புறம் என்ன? விறகை அடுக்கினார். மண்ணெண்ணெயில் நனைத்த துணியைக் கொளுத்தி உள்ளே போட்டார். குபுக்கென்று பிடித்தது.

அப்போதுதான் உள்ளிருந்து இருமல். பிறகு தீனமாக ஒரு குரல்...

“மாப்ள... தலைல கல்லு விழுந்துடுச்சு... எழுந்திரிக்க முடியல...”

அக்கா கல்யாணமான நாளிலிருந்து மச்சான் அவரை மாப்ள என்றுதான் கூப்பிடுவார். தம்பி என்று ஒரு தடவைகூட அழைத்ததில்லை. அது இப்போதுதான் உறைத்தது.

எரியும் விறகை வெறுங்கையால் இழுத்து இழுத்து வெளியே வீசினார். உள்ளங்கை இரண்டும் வெந்தன. மச்சான் பிழைத்துக்கொண்டார், அது வேறு விஷயம். ஆனால் கை வெந்த அந்த நேரம் முழுக்க, காதுக்குப் பக்கத்தில், கோபமே இல்லாமல்...

“உள்ள யாரும் இல்லன்னு சொன்னேன்ல, தம்பி.”