இன்னொரு டேக்

தையல் மிஷின் ஓடுகிற வீட்டில் ஒலிப்பதிவு செய்வது லேசான காரியம் இல்லை. அதனால்தான் தையற்காரர் நூல் வாங்கக் கடைக்குப் போகும் நேரத்துக்காகக் காத்திருப்பேன். நீங்கள் நினைப்பதுபோல் அதில் கள்ளத்தனம் ஒன்றும் இல்லை.

நான் எடுப்பவை சின்ன ஆவணப்படங்கள். சாதாரண மனிதர்கள், அவர்கள் வேலை, வீடு. எதையும் நகர்த்தி வைக்கக்கூடச் சொல்ல மாட்டேன். மூலையில் உட்கார்ந்து பார்ப்பதோடு சரி.

தையற்காரரின் மனைவிக்கு மறதி நோய். மகன் சாலை விபத்தில் இறந்து சில வருடங்கள் ஆகியும், அது அவர் நினைவில் இல்லை. பட்டன்களை நிறம் பார்த்துப் பிரித்துக்கொண்டே, "பையன் எங்கேங்க?" என்பார்.

"வேலைக்குப் போயிருக்கான். வந்துருவான்" என்பார் கணவர், மிஷினை நிறுத்தாமல். அந்த அம்மா சிரித்துக்கொள்வார்.

அழகான காட்சிதான். ஆனால் பொய். பொய்யைப் படமாக்க எனக்கு மனம் ஒப்பவில்லை. ஒருநாள் கணவர் வெளியே போயிருந்தபோது அம்மா என்னிடம் கேட்டார். உண்மையைச் சொன்னேன்.

அவர் கத்தவில்லை. கையிலிருந்த பட்டன்களை டப்பாவில் போட்டு மூடினார். "சாப்பிட்டுத்தான் போனானா தம்பி?" என்றார். அப்புறம்தான் அழுதார்.

கணவர் திரும்புவதற்குள் எல்லாம் மறந்து போயிற்று. யாருக்கும் நஷ்டமில்லை. ஆனால் நான் எடுத்ததில் அம்மாவின் முகம் நிழலில் விழுந்திருந்தது. மறுநாள் நாற்காலியை ஜன்னல் பக்கம் திருப்பிப் போட்டு, மறுபடி சொன்னேன். அன்று தெருவில் லாரிச் சத்தம். அதற்கடுத்த முறை வெளிச்சமும் சத்தமும் சரியாக அமைந்தன. அவர் சாப்பாட்டைப் பற்றிக் கேட்கவில்லை. அந்தக் கேள்வி இல்லாமல் படம் நிற்காது. ஆகவே இன்னும் சில தடவை சொல்ல வேண்டியதாயிற்று. அவருக்கு ஒவ்வொன்றும் முதல் தடவைதானே.

போகப்போக, நான் கேமரா ஸ்டாண்டை விரித்ததுமே அழ ஆரம்பித்தார்.

"ஏம்மா அழுற?" என்றார் கணவர்.

"தெரியலைங்க. இந்தத் தம்பியப் பாத்தாலே அழுகையா வருது."

தையற்காரர் கூசிப்போனார். "தப்பா எடுத்துக்காதீங்க தம்பி. நோய் பண்ற வேலை" என்று டீ போட்டுக் கொடுத்தார். குடித்தேன்.

பிறகு அம்மா மகனைக் கேட்பதை விட்டுவிட்டார். அடுத்துச் சாப்பாட்டை விட்டார். மழைக்காலம் முடிவதற்குள் போய்ச் சேர்ந்தார்.

எடிட்டிங் அறையில் ஹெட்போனைக் கழற்றிய பிறகும் அவர் குரல் கேட்கிறது. "சாப்பிட்டுத்தான் போனாம்மா" என்று வாய்விட்டுப் பதில் சொல்லிப் பார்த்தேன். நிற்கவில்லை. மறுபடி கேட்கிறார், முதல் தடவை கேட்பதைப் போலவே.

நேற்று தையற்காரர் வந்திருந்தார். சுவரில் மாட்ட ஒரு படம் வேண்டுமாம். "அவ சிரிக்கிற மாதிரி ஒண்ணு இருந்தா குடுங்க தம்பி."

இருந்தன. மெமரி கார்டில் இடம் போதாமல் நான்தான் அழித்தேன். அதை அவரிடம் சொல்லவில்லை; மனசு கஷ்டப்படும். முகம் தெளிவாக விழுந்தது ஒன்று இருக்கிறது. கண்ணீர் அவ்வளவாகத் தெரியாது. அதைப் பெரிதாக்கிக் கொடுத்தால் சந்தோஷப்படுவார் என்று நினைக்கிறேன்.