கன்னத்தில் ஒதுக்கிய வேர்

பாவ அறிக்கை வாசிக்கிறதுக்கு முன்னாடி உங்ககிட்ட ஒரு சின்னக் கதை சொல்லியாகணும். சின்னதுதான். ஆனா ஒரு வருஷமா இது என் தொண்டையில நிக்குது... இன்னைக்கு இறக்கி வைக்கிறேன்.

ஞானாபரணம் சாரை உங்கள்ல பாதிப் பேருக்குத் தெரியும். நம்ம ஸ்கூல்ல தாவரவியல் எடுத்தவர். ரிட்டயர் ஆன பிறகு பிரசங்கம்தான் அவருக்கு எல்லாம். வெள்ளிக்கிழமை ஒரு உபவாசக் கூட்டம், ஞாயித்துக்கிழமை ஒரு சபை. மைக் செத்துப் போனாக்கூட கடைசி பெஞ்சுக்குக் கேட்கிற குரல் அவருக்கு.

அந்தக் குரலை அவர் எப்படிக் காப்பாத்தினார்னு தெரியுமா? அதிமதுரம். ஒரு துண்டு வேரைக் கன்னத்துல ஒதுக்கிக்கிட்டுத்தான் மேடை ஏறுவார். இன்னொரு துண்டைச் சட்டைப் பையிலேர்ந்து எடுத்து நம்மகிட்டக் காட்டுவார்.

"இதுக்கு விஞ்ஞானப் பேரு தெரியுமா? கிளிசிரைசா கிளாப்ரா. கிரேக்கத்துல கிளைகிஸ்னா இனிப்பு. ரைசான்னா வேர். கிளாப்ரா லத்தீன்... வழவழப்புன்னு அர்த்தம். இந்தச் செடியோட காய்ல முள்ளு கிடையாது, சுணை கிடையாது. மண்ணுக்குள்ள இனிப்பு, வெளியே வழவழப்பு. விசுவாசியும் அப்படித்தான் இருக்கணும். யாரும் பார்க்காத இடத்துல இனிப்பா இரு. வெளியே யாரையும் குத்தாதே."

நல்லா இருக்கா? நல்லாத்தான் இருக்கு. நான் பதினஞ்சு தடவை கேட்டிருக்கேன், பதினஞ்சு தடவையும் தலையாட்டியிருக்கேன்.

அவருக்கு பிரஷர் உண்டு. மாத்திரை சாப்பிட்டுக்கிட்டு இருந்தார். போன வருஷம் லெந்து உபவாச நாட்கள்ல கூட்டத்துக்கு மேல கூட்டம், தொண்டை கட்டிப்போச்சு. ஒரு துண்டு வேர் நாலு துண்டாச்சு. காலையில அதே வேர்ல கஷாயம் வேற. இவ்வளவு வேர் எங்கேயிருந்து வந்துச்சுன்னு கேட்பீங்க... அதை அப்புறம் சொல்றேன்.

ஒரே மாசத்துல கால் வீங்குச்சு. பிரஷர் ஏறுச்சு. மாத்திரையைக் கூட்டினாங்க. அதுக்கப்புறம் கை தளர்ந்துபோய், வேதப் புஸ்தகத்தைத் தூக்கக்கூட அவரால முடியல. நான்தான் ஆஸ்பத்திரிக்குக் கூட்டிட்டுப் போனேன். சின்ன வயசு டாக்டரம்மா. ரத்தப் பரிசோதனைக் காகிதத்தையே பார்த்துக்கிட்டு இருந்தாங்க.

"ஐயா, உங்க ரத்தத்துல பொட்டாசியம் குறைஞ்சுக்கிட்டே போகுது. இப்படியே போனா இருதயம் நின்னுடும். எங்க மாத்திரை தவிர வேற என்ன சாப்பிடுறீங்க?"

"ஒண்ணும் இல்லம்மா."

"நாட்டு மருந்து? லேகியம், சூரணம்?"

"அந்தப் பழக்கமே கிடையாதும்மா."

"நல்லா யோசிச்சுச் சொல்லுங்க. வேற எதுவும்?"

"ஒண்ணும் இல்லம்மா."

மூணு தடவை கேட்டாங்க... மூணு தடவை. கவனிங்க, அவர் பொய் சொல்லல. பொய் சொல்லத் தெரியாத மனுஷன். "ஒண்ணும் இல்லம்மா"ன்னு சொல்றப்போ அந்த வேர் அவர் கன்னத்துல இருந்துச்சு. பக்கத்து நாற்காலியில நான். "அவருக்கு ஒரு கெட்ட பழக்கமும் கிடையாதும்மா"ன்னு நானும் சாட்சி சொன்னேன்.

அன்னைக்கே ஆஸ்பத்திரியில படுக்கச் சொன்னாங்க. "ஞாயித்துக்கிழமை தேவ செய்தி கொடுக்கணும், திங்கக்கிழமை வந்துடுறேன்"னு எழுந்துட்டார். அவங்க திட்டியும் கேட்கல. எழுதிக் கொடுத்த மருந்தை வாங்கிட்டு வந்துட்டோம்.

ஞாயித்துக்கிழமை காலையில வெள்ளைச் சட்டைக்குப் பொத்தான் போட்டுக்கிட்டே விழுந்தார். ஆஸ்பத்திரிக்குக் கொண்டு போகும்போது மூச்சு இல்ல. நர்ஸ் வாய்க்குள்ள விரல் விட்டுப் பார்த்தாங்க... ஒரு மெல்லிசான துண்டு வெளியே வந்துச்சு. சப்பிச் சப்பி நாரா போன துண்டு.

"இது என்னம்மா?"ன்னு அதே டாக்டரம்மா கேட்டாங்க. அவர் வீட்டம்மா சொர்ணபாய் அக்கா சொன்னாங்க, "அதிமதுரம். தொண்டைக்கு."

"தினமுமா?"

"தினமுந்தான்."

"எத்தனை தடவை கேட்டேன்... இந்த வேர்தாம்மா பொட்டாசியத்தைக் குறைச்சது. பிரஷர் இருக்கிறவங்க இவ்வளவு சாப்பிடவே கூடாது. ஏம்மா அவர் சொல்லல?"

அக்கா அழவும் இல்ல. "நீங்க மருந்தத்தான கேட்டிருப்பீங்க... இது இனிப்புத்தானம்மா" அப்படின்னாங்க.

அந்த விஞ்ஞானப் பேரு பொய்யா? பொய் இல்ல. இனிப்பு, வேர், வழவழப்பு... மூணும் நிஜம். நாக்குக்கும் விரலுக்கும் தெரிஞ்சதை அந்தப் பேரு சொல்லுச்சு. இருதயத்தை என்ன செய்யும்னு அதுல இல்ல. அத்தனை பிரசங்கத்துலயும் அவர் அதைத் தேடல, கேட்ட நாங்களும் தேடல.

இப்ப உங்ககிட்ட வர்றேன்.

கொஞ்ச நேரத்துல பாவ அறிக்கை வாசிக்கப் போறோம். ரெண்டு நிமிஷம் ஆகும். குடிச்சேன், கோபப்பட்டேன், கை நீட்டினேன்... கசக்கிறது எல்லாம் நமக்கு ஞாபகம் வரும். இனிக்கிறது வருமா? அடுத்த வீட்டுப் பொண்ணைப் பத்திப் பேசினது வருமா? இவங்க என்ன ஆளுங்கன்னு விசாரிச்சிட்டுத் தள்ளி உட்கார்ந்தது வருமா? அதெல்லாம் கன்னத்துல ஒதுக்கி வச்சுக்கிட்டு, "வேற ஒண்ணும் இல்ல ஆண்டவரே"ன்னு ஆமென் போட்டுட்டுப் போறோம். பொய் சொல்லல நாம. நமக்கே தெரியல.

நான் முதல்ல சொல்றேன்.

மூணாவது வரிசையில சொர்ணபாய் அக்கா உட்கார்ந்திருக்காங்க. அக்கா... அந்த வேர் உங்க வீட்டுக்கு எங்கேயிருந்து வந்துச்சுன்னு நீங்க ஒரு நாளும் கேட்கல. பாளையங்கோட்டைக்குப் போறப்போ எல்லாம் நாட்டு மருந்துக் கடையில வாங்கி, ஆராதனை முடிஞ்சு அவர் கையில கொடுத்தது நான்தான். டாக்டரம்மா கேட்டப்போ அடுத்த பொட்டலம் என் மடியில, பைக்குள்ள இருந்துச்சு.

எனக்கு ஏன் அது ஞாபகம் வரல? ஒரு வருஷமா என்னையே கேட்டுப் பார்த்துட்டேன். பெரிய பிரசங்கியார், என் கையால வாங்கித்தான் பிரசங்கம் பண்றார்... அந்த நினைப்பு எனக்கு அவ்வளவு இனிப்பா இருந்துச்சு அக்கா.

ஜெபப் புஸ்தகத்தை மூடிடுங்க எல்லாரும். இன்னைக்கு வாசிக்க வேண்டாம். முழங்கால் போடுங்க. அந்த டாக்டரம்மா கேட்ட கேள்விதான்... வேற எதுவும்?

உடனே பதில் சொல்லாதீங்க.